வைரல் வீடியோவைத் தேடிப் போய்ச் சிக்கியவர்களுக்கு: அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழி

பரபரப்பான செய்தி ஒன்று வெளியானால் அதன் பெயரில் போலி வீடியோ இணைப்புகளும் அன்றே கிளம்பிவிடுகின்றன. 2011 மே மாதம் ஒசாமா பின் லேடன் கொல்லப்பட்ட செய்தி வந்ததும், ‘கொல்லப்பட்ட காட்சி’ என்று ஃபேஸ்புக்கில் இணைப்புகள் பரவின. அப்படியொரு காட்சியை அமெரிக்க அரசு வெளியிடவே இல்லை. 2014 மார்ச்சில் மலேசிய விமானம் எம்எச்370 காணாமல் போனபோது, ‘விமானம் கிடைத்துவிட்டது, வீடியோவைப் பாருங்கள்’ என்று ஆரம்பித்தார்கள். பயணிகளின் குடும்பத்தார் ஒரு தகவலாவது வராதா என்று தவித்துக்கொண்டிருந்த நாள்கள் அவை. 2025-இன் கடைசியில் இந்தியாவில், ஒரு ஜோடியின் அந்தரங்கக் காட்சி என்று சொல்லப்பட்ட ‘19 நிமிட வீடியோ’வை ஊரெல்லாம் தேடியபோதும் இதே கதைதான். தொடர்பே இல்லாத பெண்கள் ‘அது நான் இல்லை’ என்று விளக்கம் சொல்ல நேர்ந்தது.

தேடிப் போனவர்களைக் குற்றம் சொல்ல இதை எழுதவில்லை. ஆர்வம் யாருக்கும் வரும். ஆனால் ஒன்றை மட்டும் மனத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள். வீடியோவை ஓட்டத் தேவையான எல்லாம் உங்கள் போனிலும் கணினியிலும் ஏற்கெனவே இருக்கின்றன. வீடியோவைக் காட்டுவதற்காக ஒரு பக்கம் உங்களிடம் எதையாவது செய்யச் சொன்னால், அதாவது நிறுவு, அனுமதி கொடு, எண்ணைக் கொடு, இதை ஒட்டு, பணம் கட்டு என்றால், அந்தச் செயலுக்காகத்தான் அந்தப் பக்கமே உருவாக்கப்பட்டிருக்கிறது. பெரும்பாலும் அங்கே வீடியோவே இருக்காது.

கீழே உள்ளவற்றில் உங்களுக்கு நேர்ந்தது எதுவோ அந்தப் பகுதிக்கு நேராகப் போங்கள். வங்கிக் கணக்கிலிருந்து பணம் போயிருந்தால் மற்ற எதையும் படிக்க வேண்டாம். முதலில் இந்தியாவின் சைபர் மோசடி உதவி எண்ணான 1930-ஐ அழையுங்கள், பிறகு ‘பணம் போய்விட்டது’ என்ற பகுதிக்கு வாருங்கள். சிங்கப்பூரில் இருப்பவர்கள் 1799, மலேசியாவில் இருப்பவர்கள் 997.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். எந்த வீடியோவைத் தேடினோம் என்று வீட்டில் சொல்லக் கூச்சப்பட்டு, இரண்டு நாள் கழித்து வங்கிக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். மோசடிக்காரர்கள் அந்தக் கூச்சத்தை நம்பித்தான் இந்தத் தூண்டிலைத் தேர்ந்தெடுக்கிறார்கள். புகார் கொடுக்கும்போது ‘தெரியாத இணைப்பு ஒன்றைத் தொட்டேன்’ என்பதிலிருந்தே பேச்சைத் தொடங்கலாம். என்ன தேடினீர்கள் என்பதைவிட எதைத் தொட்டீர்கள், எப்போது பணம் போனது என்பதுதான் புகாரை வாங்குபவர்களுக்கு முக்கியம்.

அறிகுறி: தேடல் முடிவில் கல்லூரி அல்லது அரசுத் தளத்தின் முகவரி தெரிகிறது, திறந்தால் பிளே பொத்தான் மட்டும் இருக்கிறது

முகவரியைப் பார்த்து நம்பிவிடாதீர்கள். பராமரிப்பு இல்லாத கல்லூரித் தளங்களிலும் அரசுத் துறைத் தளங்களிலும் யார் வேண்டுமானாலும் கோப்பு ஏற்றும்படி ஏதாவது ஓட்டை இருக்கும். அதன் வழியாக ஆயிரக்கணக்கான பிடிஎஃப் கோப்புகளை ஏற்றிவிடுகிறார்கள். தலைப்பில் அன்றைய வைரல் பெயர், உள்ளே மங்கலான ஒரு படம், நடுவில் பிளே பொத்தான். அது பொத்தானே அல்ல. வேறொரு தளத்துக்கு இட்டுச் செல்லும் இணைப்பு. தளத்தின் பெயருக்கு இருக்கும் மதிப்பால் கூகுள் அதை மேலே காட்டிவிடுகிறது.

பிடிஎஃப்-ஐத் திறந்து பார்த்ததோடு நின்றிருந்தால் பொதுவாக ஆபத்து இல்லை. மூடிவிட்டு, பதிவிறக்கங்கள் பகுதியில் அந்தக் கோப்பு இருந்தால் நீக்கிவிடுங்கள். உண்மையான செய்தி வீடியோ வேண்டுமென்றால் செய்தி நிறுவனத்தின் தளத்துக்கோ அதன் அதிகாரப்பூர்வ யூடியூப் பக்கத்துக்கோ நேராகப் போய்த் தேடுங்கள். அங்கெல்லாம் இல்லாத ஒன்று பெயரில்லாத தளத்தில் ‘முழு வீடியோ’வாக இருக்கும் என்று எதிர்பார்ப்பதற்கு எந்தக் காரணமும் இல்லை.

அறிகுறி: ஒன்றைத் தொட்டால் பத்துப் பக்கம் திறக்கிறது, ‘உங்கள் போனில் வைரஸ்’ என்று திரை சிவக்கிறது

இணையப் பக்கம் ஒன்றால் உங்கள் போனைச் சோதித்து வைரஸ் இருக்கிறதா என்று சொல்ல முடியாது. அந்த எச்சரிக்கை வெறும் படம். அதில் வரைந்திருக்கும் பெருக்கல் குறியும் படம்தான். அதைத் தொட்டால் அடுத்த பக்கம் திறக்கும். பக்கத்துக்குள் எதையும் தொடாமல் பிரௌசரின் தாவலை மூடுங்கள். போனில் மூட விடவில்லை என்றால், அமைப்புகளில் ஆப்ஸ் பகுதிக்குப் போய் பிரௌசரைக் கட்டாயமாக நிறுத்துங்கள். கணினியில் திரை முழுவதையும் அடைத்துக்கொண்டு அலறினால் எஸ்கேப் விசையைச் சில நொடிகள் அழுத்திப் பிடியுங்கள். அதற்கும் மசியாவிட்டால் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி டாஸ்க் மேனேஜரைத் திறந்து பிரௌசரை மூடலாம். மீண்டும் திறக்கும்போது ‘பழைய பக்கங்களைத் திறக்கவா’ என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லுங்கள்.

திரையில் தெரியும் உதவி எண்ணை மட்டும் எக்காரணம் கொண்டும் அழைக்காதீர்கள். அழைத்தால் கணினியைத் தொலைவிலிருந்து இயக்கும் செயலியை நிறுவச் சொல்வார்கள். அதன்பின் நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே வங்கிப் பக்கத்தைத் திறக்க வைப்பார்கள்.

அறிகுறி: போனைத் தொடாமலே அசிங்கமான அறிவிப்புகள் வந்து விழுகின்றன

‘வீடியோவைப் பார்க்க அனுமதி என்பதைத் தொடுங்கள்’ என்ற வரியை எங்கோ பார்த்து, தொட்டிருப்பீர்கள். அது அறிவிப்பு அனுப்புவதற்கான அனுமதி. அறிவிப்புகள் குரோம் பெயரில் வருவதால் போனுக்கே ஏதோ ஆகிவிட்டது என்று பயந்து, கடைக்குக் கொண்டுபோய்ப் பணம் கொடுப்பவர்கள் உண்டு. தேவையே இல்லை. குரோமில் மூன்று புள்ளி, அமைப்புகள், தள அமைப்புகள், அறிவிப்புகள் என்று போங்கள். அனுமதிக்கப்பட்டவை என்ற பட்டியலில் நீங்கள் அறியாத பெயர்கள் வரிசையாக நிற்கும். ஒவ்வொன்றாகத் தடுத்துவிட்டால் தீர்ந்தது. ஐபோனில் இதே தொல்லை காலண்டர் வழியாக வரும். அமைப்புகளில் காலண்டர் கணக்குகளைத் திறந்து, சந்தா செய்த அந்நியக் காலண்டரை நீக்குங்கள்.

அறிகுறி: ‘பிளேயர் பழையது, புதுப்பிக்கவும்’ என்று கேட்கிறது

நிறுத்திவிடுங்கள். இது மிகப் பழைய தந்திரம். 2008-இல் கூப்ஃபேஸ் என்ற நச்சுநிரல் ஃபேஸ்புக் நண்பர்களின் பெயரில் வீடியோ இணைப்பு அனுப்பி, ஃப்ளாஷ் பிளேயரைப் புதுப்பிக்கச் சொல்லித்தான் பரவியது. ஃப்ளாஷுக்கான ஆதரவை அடோபி நிறுவனமே 2020 டிசம்பர் 31-உடன் முடித்துக்கொண்டது. 2021 ஜனவரி 12 முதல் அது இயங்குவதையும் நிறுத்திவிட்டது. ஆகவே ஃப்ளாஷ் என்ற பெயரைச் சொல்லி எது வந்தாலும் பொய். ‘கோடெக் நிறுவு’, ‘நீட்டிப்பைச் சேர்’ என்பவையும் அதே வகை. ஏற்கெனவே நீட்டிப்பைச் சேர்த்துவிட்டீர்கள் என்றால் பிரௌசரின் நீட்டிப்புகள் பட்டியலுக்குப் போய் நீக்குங்கள். நீங்கள் பார்க்கும் எல்லாப் பக்கங்களையும் படிக்கும் அதிகாரம் பல நீட்டிப்புகளுக்கு உண்டு என்பதால், அது இருந்த காலத்தில் எந்தெந்தக் கணக்கில் நுழைந்தீர்களோ அவற்றின் கடவுச்சொற்களையும் மாற்றிவிடுங்கள்.

அறிகுறி: கோப்பு இறங்கிவிட்டது, ஆனால் வீடியோவாகத் தெரியவில்லை

திறக்காதவரை அது வெறும் கோப்பு. பதற வேண்டாம். பெயரின் கடைசி எழுத்துகளைப் பாருங்கள். விண்டோஸ் அந்தக் கடைசிப் பகுதியை இயல்பாகவே மறைத்துவைக்கும். ஃபைல் எக்ஸ்புளோரரில் வியூ பகுதிக்குப் போய், கோப்பு நீட்சிகளைக் காட்டும் வசதியை இயக்க வேண்டும். இயக்கியதும், ‘முழுவீடியோ.எம்பி4’ என்று நினைத்தது ‘முழுவீடியோ.எம்பி4.இஎக்ஸ்இ’ என்று தன் உண்மைப் பெயரைக் காட்டும். 2000 மே மாதம் உலகம் முழுவதும் கணினிகளை முடக்கிய ‘ஐ லவ் யூ’ வைரஸ் வந்ததும் இதே வழியில்தான்: காதல் கடிதம் என்ற பெயரில் ஒரு எழுத்துக் கோப்புபோலத் தெரிந்தது, மறைந்திருந்த கடைசி மூன்று எழுத்துகள் விபிஎஸ். கால் நூற்றாண்டுக்குப் பிறகும் அதே மறைப்பு நம் கணினிகளில் இருக்கிறது என்பது எனக்குக் கோபத்தையே தருகிறது.

எம்பி4, எம்கேவி, வெப்எம், 3ஜிபி ஆகியவை வீடியோ. இஎக்ஸ்இ (exe), எம்எஸ்ஐ (msi), எஸ்சிஆர் (scr), பேட் (bat), ஜேஎஸ் (js), விபிஎஸ் (vbs), எல்என்கே (lnk) ஆகியவை கணினியில் இயங்கும் நிரல்கள் அல்லது நிரலை இயக்கிவிடுபவை. ஏபிகே என்றால் ஆண்ட்ராய்டு செயலி. அளவும் ஒரு துப்புதான்: இருபது நிமிட வீடியோ என்று சொல்லி 600 கேபி கோப்பு வந்தால் அது வீடியோவாக இருக்க முடியாது. ஆனால் அளவு பெரிதாக இருப்பதால் மட்டும் நம்பிவிடவும் கூடாது. வெற்றுத் தரவை நிரப்பி நச்சுநிரலைப் பெரிதாக்கிவிடுவார்கள்.

கடவுச்சொல் போட்ட ஜிப் அல்லது ரார் கோப்பாக வந்து, கடவுச்சொல்லைப் பக்கத்திலேயே எழுதியும் வைத்திருந்தால் சட்டென்று நீக்கிவிடுங்கள். எல்லோருக்கும் சொல்லிவிட்ட கடவுச்சொல்லால் எந்த இரகசியத்தையும் காக்க முடியாது. வைரஸ் தடுப்பு மென்பொருளால் உள்ளே பார்க்க முடியாமல் போக வேண்டும் என்பது மட்டுமே அதன் நோக்கம். சந்தேகம் தீராவிட்டால் வைரஸ்டோட்டல் தளத்தில் கோப்பை ஏற்றிச் சோதிக்கலாம். பல தடுப்பு மென்பொருள்களின் தீர்ப்பை ஒரே இடத்தில் காட்டும். ஏற்றும் கோப்புகள் பாதுகாப்பு ஆய்வாளர்களுக்கும் கிடைக்கும் என்பதால், உங்கள் சொந்தப் படங்களையோ ஆவணங்களையோ அங்கே ஏற்றாதீர்கள்.

வீடியோபோலவே தோற்றம் தரும் செயலிகளும் உண்டு. 2024 ஜூலையில் ஈசெட் என்ற கணினிப் பாதுகாப்பு நிறுவனத்தின் ஆய்வாளர்கள் டெலிகிராமில் அப்படியொரு குறையை வெளியிட்டார்கள்: ஏபிகே கோப்பு அரட்டையில் 30 நொடி வீடியோபோலத் தெரியும், தொட்டால் ‘ஓட்ட முடியவில்லை, வேறு பிளேயர் வேண்டும்’ என்று சொல்லி நிறுவ அழைக்கும். 10.14.5 பதிப்பில் டெலிகிராம் அதைச் சரிசெய்தது. உண்மையான வீடியோ கோப்பே ஆபத்தாவதும் அரிதாக நடந்திருக்கிறது. 2015-இல் ஆண்ட்ராய்டில் ஸ்டேஜ்ஃபிரைட் குறையும், 2019-இல் வாட்ஸ்அப்பில் எம்பி4 குறையும் வந்தன. இவற்றுக்கெல்லாம் மருந்து ஒன்றுதான்: போனை அதன் அமைப்புகள் வழியாகவும் செயலிகளைக் கூகுள் பிளே வழியாகவும் அவ்வப்போது புதுப்பித்து வைப்பது.

அறிகுறி: ‘நீங்கள் ரோபோ இல்லை என்று உறுதிசெய்யுங்கள்’ என்று சொல்லி விசைகளை அழுத்தச் சொல்கிறது

இதைக் கணினி வைத்திருப்பவர்கள் கட்டாயம் படிக்க வேண்டும். 2024 முதல் மிக வேகமாகப் பரவியிருக்கும் முறை. வீடியோவைத் தொட்டதும் வழக்கமான சரிபார்ப்புக் கட்டம் வரும். அதைச் சொடுக்கினால், விண்டோஸ் விசையையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள், பிறகு கன்ட்ரோலும் வி-யும், பிறகு என்டர் என்று மூன்று படிகள் காட்டும். நீங்கள் கட்டத்தைச் சொடுக்கிய நொடியிலேயே அந்தப் பக்கம் ஒரு கட்டளையை உங்கள் கிளிப்போர்டில், அதாவது நகலெடுத்தவை தங்கும் இடத்தில், வைத்துவிட்டது. முதல் படி விண்டோஸில் கட்டளைகளை இயக்கும் ரன் பெட்டியைத் திறக்கிறது, இரண்டாவது அந்தக் கட்டளையை ஒட்டுகிறது, மூன்றாவது அதை இயக்குகிறது. கணினியின் பாதுகாப்பை அவர்கள் உடைக்கவில்லை. உங்கள் கையாலேயே கதவைத் திறக்க வைக்கிறார்கள். மேக் கணினியில் ரன் பெட்டிக்குப் பதிலாக டெர்மினலைத் திறக்கச் சொல்வார்கள்.

உண்மையான சரிபார்ப்பு பிரௌசருக்குள்ளேயே முடிந்துவிடும். அது ஒருபோதும் வெளியே போகச் சொல்லாது.

என்டரை அழுத்துவதற்கு முன் விழித்துக்கொண்டீர்கள் என்றால் ஒன்றும் ஆகவில்லை. பெட்டியை மூடிவிட்டு, வேறு ஏதாவது ஒரு சொல்லை நகலெடுங்கள். கிளிப்போர்டில் இருந்த கட்டளை போய்விடும்.

அழுத்திவிட்டீர்கள் என்றால் உடனே வைஃபையை நிறுத்துங்கள், கேபிளைப் பிடுங்குங்கள். இத்தகைய கட்டளைகள் பெரும்பாலும் தகவல் திருடும் நிரலைத்தான் இறக்குகின்றன. அவற்றில் பேர்போன லுமா பற்றி மைக்ரோசாஃப்ட் 2025 மே மாதம் வெளியிட்ட கணக்கின்படி, இரண்டே மாதத்தில் 3,94,000-க்கும் மேற்பட்ட விண்டோஸ் கணினிகள் பாதிக்கப்பட்டிருந்தன. பிரௌசரில் சேமித்த கடவுச்சொற்களையும், நீங்கள் உள்ளே நுழைந்திருப்பதைத் தளம் அடையாளம் காண உதவும் குக்கீ என்ற சிறு கோப்புகளையும் எடுத்து அனுப்ப அதற்குச் சில நிமிடங்கள் போதும். குக்கீ போனால், கடவுச்சொல்லோ ஓடிபியோ இல்லாமலே உங்கள் கணக்கு அங்கே திறந்துகொள்ளும். ஆகவே கடவுச்சொல்லை மாற்றுவது மட்டும் போதாது. ஒவ்வொரு கணக்கிலும் ‘எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறு’ என்பதையும் செய்ய வேண்டும். இந்த வேலையைப் பாதிக்கப்பட்ட கணினியில் செய்யாதீர்கள். வேறு போனிலிருந்து முதலில் மின்னஞ்சல், அடுத்து வங்கி, அதன்பின் சமூக ஊடகம் என்ற வரிசையில் செய்யுங்கள். மற்ற எல்லாக் கணக்குகளையும் மீட்கும் சாவி மின்னஞ்சல்தான் என்பதால் அது முதலில்.

பிறகு விண்டோஸின் வைரஸ் தடுப்பு மென்பொருளான டிஃபெண்டரின் ஆஃப்லைன் சோதனையை ஓட்டலாம். ஆனால் அது ‘ஒன்றும் இல்லை’ என்று சொன்னாலும் நான் நம்ப மாட்டேன். திருடி முடித்ததும் தன்னையே அழித்துக்கொள்ளும் நிரல்கள் இருக்கின்றன. வங்கி வேலை செய்யும் கணினி என்றால், முக்கியக் கோப்புகளைப் பிரித்தெடுத்துவிட்டு விண்டோஸைப் புதிதாக நிறுவுவதே நிம்மதி.

அறிகுறி: ஏபிகே-ஐ நிறுவிவிட்டேன், போன் விசித்திரமாக நடக்கிறது

நம்மூரில் அதிகப் பணத்தை விழுங்குவது இதுதான். வைரல் வீடியோ என்று மட்டுமல்ல, திருமண அழைப்பிதழ், போக்குவரத்து அபராதம் என்ற பெயர்களிலும் வாட்ஸ்அப்பில் ஏபிகே வருகிறது. தெரிந்தவர் எண்ணிலிருந்தே வரும், ஏனென்றால் அவர் போன் ஏற்கெனவே சிக்கியிருக்கும்.

அந்தச் செயலி இரண்டு அனுமதிகளைக் குறிவைக்கும். ஒன்று எஸ்எம்எஸ்: கிடைத்தால் ஓடிபி வந்த நொடியே அவர்களுக்கு நகல் போய்விடும், சில சமயம் உங்கள் பெட்டியிலிருந்து மறைந்தும்விடும். மற்றொன்று ஆக்சசிபிலிட்டி: பார்வைக் குறைபாடு உள்ளவர்களுக்காக உருவாக்கிய வசதி. அது கிடைத்துவிட்டால் திரையில் தெரிவதைப் படிக்கவும், உங்களுக்குப் பதிலாகத் தொடவும் அந்தச் செயலியால் முடியும். ஆண்ட்ராய்டு 13 முதல், வெளியிலிருந்து நிறுவும் செயலிகளுக்கு அந்த அனுமதி எளிதில் கிடைக்காதபடி கூகுள் ஒரு தடை வைத்திருக்கிறது. அதனால்தான் சில பக்கங்கள் ‘கட்டுப்படுத்தப்பட்ட அமைப்புகளை அனுமதி’ என்பதை எங்கே தொட வேண்டும் என்று படம் போட்டுக் கற்பிக்கின்றன. அந்தப் படத்தைப் பார்த்தாலே புரிந்துகொள்ளுங்கள்.

செய்ய வேண்டிய வரிசை இது. முதலில் விமானப் பயன்முறையை இயக்கி, வைஃபை தனியாக ஓடிக்கொண்டிருந்தால் அதையும் நிறுத்துங்கள். அடுத்து வேறொரு போனிலிருந்து வங்கியை அழைத்து யுபிஐ, நெட் பேங்கிங், கார்டு எல்லாவற்றையும் தற்காலிகமாக நிறுத்தச் சொல்லுங்கள். பணம் இன்னும் போகவில்லை என்றாலும் இதைச் செய்யுங்கள். பல மணி நேரம் அமைதியாக இருந்துவிட்டு நள்ளிரவில் எடுப்பார்கள்.

அதன்பின் செயலியை நீக்கும் வேலை. முகப்பில் படக்குறி மறைந்திருக்கலாம். அமைப்புகளில் ஆப்ஸ் பட்டியலை முழுதாகத் திறந்து பாருங்கள். பெயரே இல்லாமல் வெற்றாகவோ, ‘சிஸ்டம் அப்டேட்’ என்ற பெயரிலோ ஒளிந்திருக்கும். நீக்க விடாவிட்டால் ஆக்சசிபிலிட்டி பகுதியிலும், பாதுகாப்புக்குள் இருக்கும் சாதன நிர்வாகி பட்டியலிலும் அதன் அதிகாரத்தைப் பறியுங்கள். அமைப்புகளைத் திறந்தாலே திரை தானாக மூடிக்கொள்கிறது என்றால், சேஃப் மோடில் போனைத் தொடங்குங்கள். பெரும்பாலான போன்களில் பவர் ஆஃப் என்ற சொல்லை அழுத்திப் பிடித்தால் அது வரும். நிறுவிய செயலிகள் எதுவும் அங்கே இயங்காது என்பதால் நீக்க முடியும்.

நீக்கியதோடு முடித்துக்கொள்ளாதீர்கள். படங்களையும் தொடர்பு எண்களையும் பத்திரப்படுத்திவிட்டு, போனைத் தொழிற்சாலை நிலைக்கு மீட்டமையுங்கள். யுபிஐ பின்னை அதற்குப் பிறகு மாற்றுங்கள்; முன்பே மாற்றினால் புதிய பின்னும் திருட்டுப்போகலாம். உங்கள் எண்ணிலிருந்து அதே கோப்பு மற்றவர்களுக்குப் போயிருந்தால் குடும்பக் குழுவிலும் ஊர்க் குழுவிலும் உடனே சொல்லுங்கள். வயதான உறவினர் ஒருவர் இந்நேரம் அதைத் தொட்டுக்கொண்டிருக்கலாம்.

கடைசியாக, சிறப்பு அணுகலில் ‘அறியப்படாத ஆப்ஸை நிறுவு’ என்ற பட்டியலைத் திறந்து, வாட்ஸ்அப், டெலிகிராம், குரோம் மூன்றுக்கும் அனுமதியை மறுத்துவிடுங்கள். உங்கள் பெற்றோரின் போனிலும் இன்றே இதைச் செய்யுங்கள். அந்தச் சிறு மாற்றத்துக்குப் பின் கோப்பைத் தவறித் தொட்டாலும் போன் மறித்து எச்சரிக்கும்.

அறிகுறி: வீடியோவுக்காக எண்ணைக் கொடுத்தேன், வாட்ஸ்அப்பில் ஒரு குறியீட்டைப் போடச் சொன்னது

‘இதில் இருப்பது நீதானா?’ என்று நண்பரிடமிருந்து இணைப்பு வரும். பக்கம் எண்ணைக் கேட்கும், பிறகு எட்டு எழுத்துள்ள குறியீட்டைக் காட்டி வாட்ஸ்அப்பில் போடச் சொல்லும். போட்டால் அவர்களுடைய கணினி உங்கள் கணக்கோடு இணைந்துவிடும். உங்கள் வாட்ஸ்அப் வழக்கம்போல வேலை செய்வதால் நாள்கணக்கில் தெரியவே தெரியாது. வாட்ஸ்அப் அமைப்புகளில் ‘இணைக்கப்பட்ட சாதனங்கள்’ பகுதியைத் திறந்து, அறியாத எல்லாவற்றையும் வெளியேற்றுங்கள். இருபடிச் சரிபார்ப்பை இயக்கி ஆறு இலக்கப் பின் வையுங்கள். எஸ்எம்எஸ்ஸில் வரும் பதிவுக் குறியீட்டைப் பறித்து வேறு போனில் உங்கள் கணக்கைத் திறக்க முயல்பவர்களை அது தடுக்கும்.

‘வயதை உறுதிசெய்ய ஃபேஸ்புக்கில் நுழையுங்கள்’ என்ற பக்கத்தில் கடவுச்சொல்லைப் போட்டிருந்தால், அதே கடவுச்சொல்லை வேறு எங்கெல்லாம் வைத்திருக்கிறீர்களோ அங்கெல்லாம் மாற்றுங்கள்.

அறிகுறி: பணம் போய்விட்டது

1930-ஐ அழைக்கும்போது வங்கியின் பெயர், பரிவர்த்தனை எண், தொகை, நேரம் ஆகியவற்றைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். பணம் ஒரு கணக்கிலிருந்து அடுத்ததற்கு மாறிக்கொண்டே போகும். எந்தக் கணக்கில் நிற்கிறதோ அங்கே முடக்கிவைக்க இந்த அமைப்பு வங்கிகளுக்குத் தகவல் தரும். அதனால்தான் முதல் ஒரு மணி நேரம் இவ்வளவு முக்கியம். தேசிய சைபர் குற்றப் புகார் தளத்திலும் பதிவு செய்து புகார் எண்ணை வாங்குங்கள். வங்கிக்கு எழுத்துமூலமாகவும் தெரிவியுங்கள். ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலை சுற்றறிக்கைப்படி, வாடிக்கையாளரின் கவனக்குறைவால் பணம் போனாலும் அவர் வங்கிக்குத் தெரிவித்த பிறகு நடக்கும் இழப்பு வங்கியின் பொறுப்பு. ஆகவே நீங்கள் தெரிவித்த நேரத்துக்குச் சான்று இருக்க வேண்டும்.

போனது 49 ரூபாய்தானே என்று விட்டுவிடாதீர்கள். யுபிஐ செயலியில் ஆட்டோபே பட்டியலைப் பாருங்கள். மாதந்தோறும் எடுக்கும் ஒப்புதல் ஒன்று அங்கே உட்கார்ந்திருக்கலாம். கார்டு எண்ணைக் கொடுத்திருந்தால் கார்டை முடக்கிப் புதியது வாங்குங்கள். வெளிநாட்டுத் தளங்கள் பல ஓடிபி கேட்காமலே பணம் எடுக்கும். போன் பேலன்ஸ் கரைகிறது என்றால் 155223 என்ற எண் வழியாகக் கூடுதல் சேவைகளை நிறுத்தலாம்.

அறிகுறி: ‘சட்டவிரோத வீடியோ பார்த்தீர்கள், அபராதம் கட்டுங்கள்’ என்ற மிரட்டல்

அரசு முத்திரையோடு திரையை அடைத்துக்கொண்டு வரும் பக்கம் போலி. எந்தக் காவல் துறையும் பிரௌசரைப் பூட்டி கார்டு எண் கேட்பதில்லை. ‘டிஜிட்டல் கைது’ என்ற ஒன்றும் நம் சட்டத்தில் கிடையாது. மேலே சொன்ன முறையில் பக்கத்தை மூடுங்கள், போதும். ‘நீ பார்த்ததை உன் கேமராவில் பதிவு செய்துவிட்டேன்’ என்று பழைய கடவுச்சொல்லைக் காட்டி வரும் மின்னஞ்சலும் வெற்று மிரட்டலே. எப்போதோ ஏதோ ஒரு தளத்திலிருந்து கசிந்த பட்டியலில் உங்கள் கடவுச்சொல் இருந்திருக்கிறது. அதை இன்னும் எங்காவது பயன்படுத்தினால் மாற்றுங்கள். பதில் எழுதாதீர்கள், பணம் அனுப்பாதீர்கள். வீடியோ அழைப்பில் உண்மையாகவே பதிவு செய்து மிரட்டினாலும் பணம் கொடுக்காதீர்கள். கொடுத்தவரிடம் மீண்டும் கேட்பார்கள். பேச்சை நிறுத்தி, திரைப்பிடிப்புகளை வைத்துக்கொண்டு, 1930-க்குச் சொல்லுங்கள். மிரட்டலுக்கு ஆளானவர் மாணவராக இருந்தால் அன்று இரவு அவரைத் தனியே விடாதீர்கள்.

அறிகுறி: வீடியோ உண்மையாகவே கிடைத்துவிட்டது

அந்தரங்கக் காட்சி என்றால் அதில் இருப்பவர் சம்மதித்து அது வெளியே வரவில்லை. பெயர் சொல்லி நம்பப்படும் நபராகவும் அவர் இல்லாமல் இருக்கலாம்; 2023 நவம்பரில் நடிகை ராஷ்மிகா மந்தனாவின் முகத்தை வேறொரு பெண்ணின் வீடியோவில் பொருத்திப் பரப்பினார்கள். உங்கள் கையில் வந்ததை நீக்கிவிடுங்கள், யாருக்கும் அனுப்பாதீர்கள். அனுப்புவது குற்றமும்கூட: தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67ஏ பிரிவில், முதல் முறை தண்டிக்கப்பட்டாலே ஐந்து ஆண்டு வரை சிறையும் பத்து லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு.

அதில் இருப்பது குழந்தை என்றால் நிலைமை இன்னும் கடுமை. தன் போனில் வைத்துப் பார்த்ததற்கு மட்டும் வழக்குத் தொடர முடியாது என்று 2024 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு வழக்கை ரத்து செய்தது. அதே ஆண்டு செப்டம்பர் 23-இல் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்து, வைத்திருப்பதும் பார்ப்பதும் குழந்தைகளுக்கு எதிரான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ சட்டத்தின்கீழ் குற்றமாகலாம் என்று தீர்ப்பளித்தது. அப்படியொன்று குழுவில் வந்தால் திரைப்பிடிப்பும் எடுக்காதீர்கள். யார் அனுப்பினார், எப்போது, எந்த இணைப்பு என்பதை எழுதிக்கொண்டு, தேசிய சைபர் குற்றப் புகார் தளத்தில் தெரிவியுங்கள். இந்த வகைப் புகாரைப் பெயர் சொல்லாமலும் கொடுக்கலாம். குழந்தைகள் உதவி எண் 1098.

பரவிக்கொண்டிருப்பது உங்களுடைய அல்லது உங்கள் வீட்டாருடைய வீடியோ என்றால், அழிப்பதற்கு முன் இணைப்பு முகவரிகளையும், பரப்பிய கணக்குகளின் பெயரையும், நேரத்தையும் குறித்துவையுங்கள். அந்தந்தத் தளத்தில் பாதிக்கப்பட்டவர் தாமே புகார் கொடுத்தால் முன்னுரிமை கிடைக்கும். 18 வயது நிறைந்தவர்களுக்கு ஸ்டாப்என்சிஐஐ, அதற்குக் கீழே உள்ளவர்களுக்கு டேக் இட் டவுன் என்ற இலவசச் சேவைகள் இருக்கின்றன. வீடியோவை எங்கும் ஏற்ற வேண்டாம். உங்கள் போனிலேயே அதற்கு ஓர் எண் அடையாளம் உருவாக்கப்பட்டு, அந்த அடையாளம் மட்டும் ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம் உள்ளிட்ட பங்கேற்கும் தளங்களுக்குப் போகும். அதே கோப்பை யாராவது மறுபடி ஏற்ற முயன்றால் அங்கே அது பிடிபடும். கூகுள் தேடலிலிருந்து நீக்கச் சொல்லும் விண்ணப்பம் தனி. அதையும் அன்றே கொடுத்துவிடுங்கள்.